விடிந்தாலும் நேற்றுதான்

உலகத்திலேயே முதன்முதலாக ராத்திரியை நிறுத்தி வைத்தவர் எடிசனும் இல்லை, டெஸ்லாவும் இல்லை. நளாயினி என்ற ஒரு குடும்பத் தலைவி. காப்புரிமைக்கு விண்ணப்பிக்காமல் விட்டதால் அவர் பெயர் பத்தினிகள் பட்டியலோடு நின்றுபோனது; தொழில்நுட்ப வரலாற்றில் ஏறவில்லை.

சம்பவம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். கணவர் மௌத்கல்ய முனிவர். உடம்பெல்லாம் தொழுநோய், அதைவிடக் கடுமையான முன்கோபம். அந்த நிலைமையிலும் மனிதருக்குத் தாசி வீட்டுக்குப் போக ஆசை வந்துவிட்டது. நடக்க முடியாது. நளாயினி அவரைக் கூடையில் உட்கார வைத்து, கூடையைத் தலையில் ஏற்றிக்கொண்டு கும்மிருட்டில் புறப்பட்டாள். (இந்த இடத்தில் உபன்யாசகர்களுக்குக் குரல் தழுதழுக்கும். நமக்கு வேறு ஏதோ வாய் வரைக்கும் வரும். விடுங்கள்.) வழியில், செய்யாத திருட்டுக்காகக் கழுவேற்றப்பட்டிருந்த மாண்டவ்யர் மேல் கூடை இடித்துவிட்டது. ஏற்கெனவே உயிர் போகிற வலி. "இடித்தவன் பொழுது விடிந்ததும் சாகட்டும்" என்று சபித்துவிட்டார். நளாயினி அதிகம் யோசிக்கவில்லை. "அப்படியானால் பொழுதே விடிய வேண்டாம்" என்றாள்.

விடியவில்லை. டெண்டர் கிடையாது, பூமி பூஜை கிடையாது, மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் தடையில்லாச் சான்று கிடையாது. ஒரே ஒரு வாக்கியம்.

அடுத்து நடந்ததைத்தான் கார் கம்பெனிகள் சூழ வாழும் ஸ்ரீபெரும்புதூர்க்காரர்கள் கவனிக்க வேண்டும். விடியாததால் யாகம் இல்லை. யாகம் இல்லாததால் தேவர்களுக்கு அவிர்பாகம் போய்ச் சேரவில்லை. கார் கம்பெனியில் இதற்கு 'லைன் ஸ்டாப்' என்று பெயர். ஒரு ரப்பர் வாஷர் வராமல் லைன் நின்றால் போதும், நடுராத்திரியில் சப்ளையருக்குப் போன் பறக்கும், கைலியோடு படுத்திருந்த மேனேஜர் பேண்ட்டைத் தேடுவார். பிரபஞ்சத்தின் முதல் லைன் ஸ்டாப்பிலும் அதேதான். சாதாரண நாளில் தவம் கிடந்தாலும் கண்ணில் படாத தேவர்கள், தாங்களே நேரில் இறங்கி வந்து பேச்சுவார்த்தையில் உட்கார்ந்தார்கள். கணவர் சாகக் கூடாது, நோயும் போக வேண்டும், பிறகுதான் சூரியன். கோரிக்கை முழுசாக ஏற்கப்பட்டது. சூரியன் டூட்டிக்குத் திரும்பினான்.

இரவை நகர்த்தும் பொறி என்று ஒன்று இருந்தால், அதன் கைப்பிடி கூடை சுமக்கிறவள் கையிலேயே இருந்தது அந்த ஒரு தடவைதான். அப்புறம் அது மேலிடத்துக்குப் போய்விட்டது. போனது போனதுதான்.

மேலிடம் என்றால் சாட்சாத் கிருஷ்ண பரமாத்மாவே. குருக்ஷேத்திரத்தில் பதினாலாம் நாள். பொழுது சாய்வதற்குள் ஜயத்ரதனைக் கொல்லாவிட்டால் தீக்குளிப்பேன் என்று அர்ஜுனன் டார்கெட் வைத்துக்கொண்டான். டார்கெட் முடியவில்லை, பொழுதும் சாய்கிறது. கிருஷ்ணர் சூரியனை மறைத்தார். ஷிப்ட் முடிந்தது என்று நம்பி ஜயத்ரதன் தலையை வெளியே நீட்டினான். சூரியன் திரும்ப வந்தது, தலை திரும்ப வரவில்லை.

அன்றைக்கு அதோடும் விடவில்லை. வழக்கமாகப் பொழுது சாய்ந்தால் சண்டையை நிறுத்தும் இரண்டு பக்கமும், அன்று ராத்திரி தீவட்டி பிடித்துக்கொண்டு தொடர்ந்தன. பாரதத்தில் பதிவான முதல் ஓ.டி. அதுதான். கடோத்கசன் செத்தது அந்த ஓ.டி.யில். நடுராத்திரிக்கு மேல் ஒருவனுக்கும் கண் திறக்க முடியவில்லை. அப்போது அர்ஜுனன்தான் அறிவித்தான்: நிலா கிளம்பும் வரை எல்லோரும் படுங்கள். குதிரை முதுகில் சிலர், யானை மத்தகத்தில் சிலர், வெறுந்தரையில் மற்றவர்கள். கௌரவர் படையே அர்ஜுனனை வாழ்த்திவிட்டுத் தூங்கியதாம். எதிரிக் கம்பெனி ஆட்கள் வாழ்த்திய ஒரே சூப்பர்வைசர் என்ற பெருமை அவனுக்கு மட்டுமே.

இந்தக் கதைக்கெல்லாம் ஸ்ரீபெரும்புதூரோடு என்ன சம்பந்தம் என்று கேட்கக் கூடாது. நெருங்கிய சம்பந்தம். தொண்டை மண்டலத்துத் திரௌபதியம்மன் கோயில்களில், கோடைக்குக் கோடை இதே பாரதத்தைத் தெருக்கூத்தாக விடிய விடிய ஆடுகிற மண் இது. சேத்துப்பட்டு, செய்யாறு, காஞ்சிபுரம் சுற்றுவட்டாரத்தில் இரவைக் கட்டுப்படுத்தும் தொழில்நுட்பம் என்று ஒன்று உண்மையாகவே இருந்தது, இன்னமும் இருக்கிறது. அதன் பெயர் கட்டியக்காரன். புரிசை கண்ணப்பத் தம்பிரான் போன்றவர்கள் உலக மேடைக்குக் கொண்டுபோன அந்தக் கூத்தில், திரைக்கு முன்னால் வந்து ராஜாவையே கிண்டலடிக்கிற ஆள். பத்து, பதினோரு மணிக்கு மேல் மத்தளமும் முகவீணையும் ஆரம்பிக்கும். துகிலுரிதலோ கர்ண மோட்சமோ சரியாகக் கிழக்கு வெளுக்கும்போது முடிய வேண்டும். நேரம் நிறைய இருந்தால் கட்டியக்காரன் ஊர்த் தலைவரை வம்புக்கு இழுத்து அரை மணி நேரம் ஓட்டுவான். பொழுது நெருங்கிவிட்டால் துரியோதனனையே "சீக்கிரம் சொல்லித் தொலையும் ராஜாவே" என்று விரட்டுவான். முன்வரிசையில் பாயை விரித்துப் படுத்த கிழவிக்கு எந்த நேரத்தில் தூக்கம் சொக்கும், எந்த வசனத்தில் எழுந்து உட்காருவாள் என்று அவனுக்கு அத்துப்படி. தீவட்டி போய் பெட்ரோமாக்ஸ் வந்தது, அது போய் டியூப் லைட் வந்தது, இப்போது எல்.இ.டி. போகஸ். கட்டியக்காரன் மாறவில்லை. இரவை இழுத்தும் சுருக்கியும், ஒரு ஊரையே முழுச் சம்மதத்தோடு விழிக்க வைக்கத் தெரிந்த ஒரே ஆள் அவன்தான். எந்த ஹெச்.ஆர்.காரரும் இன்னும் அந்த உயரத்தை எட்டவில்லை.

ஊருக்கு இன்னொரு பெருமையும் உண்டு. 1017-ல் ராமானுஜர் பிறந்தது இங்கேதான். திருக்கோஷ்டியூர் நம்பி பதினெட்டு முறை நடக்க விட்டு, யாருக்கும் சொல்லாதே என்ற நிபந்தனையோடு உபதேசித்த மந்திரத்தை, கோபுரத்தில் ஏறி ஊருக்கே கேட்கும்படி சொன்னவர். இன்றைக்கு அதே ஊரில், கேமராவை ஸ்டிக்கர் ஒட்டி மறைத்து, உள்ளே பார்த்ததை வெளியே சொல்ல மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டால்தான் பல கம்பெனிகளில் கேட்டைத் தாண்ட முடியும். அந்த ராமானுஜரே வந்தாலும் செக்யூரிட்டி மடக்கிவிடுவார்.

அந்தக் காலத்திலும் இங்கே ராத்திரி வேலை இருந்தது. இது ஏரிப் பாசன பூமி. முறைத் தண்ணீர் பாதி ராத்திரியில் வந்தால் பாதி ராத்திரியில் மண்வெட்டியோடு மடைக்குப் போக வேண்டும். ஏற்றம் இறைப்பவன் விடிவதற்கு முன்பே கிணற்றடியில் நிற்பான். ஆனால் அப்போது யாருடைய இரவையும் யாரும் நிமிடக் கணக்கில் எழுதி வைக்கவில்லை. அதற்கு வெள்ளைக்காரன் வர வேண்டியிருந்தது.

கிழக்கிந்தியக் கம்பெனி நுங்கம்பாக்கத்தில் 1792-ல் வான் ஆய்வுக்கூடம் கட்டியது. தமிழிலும் தெலுங்கிலும்கூடக் கல்வெட்டுப் பொறித்த அதன் கருங்கல் தூண் இன்னும் அங்கே வானிலை மைய வளாகத்தில் நிற்கிறது. அங்கே உட்கார்ந்து நட்சத்திரத்தைப் பார்த்துக் கோல்டிங்ஹாம் துரை கணக்குப் போட்டார். கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முன்னால் என்று மெட்ராஸ் நேரம் உறுதியானது. பிற்பாடு ரயில் வந்தபோது இந்தியா முழுக்க ரயில்கள் மெட்ராஸ் நேரத்தில் ஓடின. பம்பாய்க்காரர்களுக்கு அப்போது ஏற்பட்ட வயிற்றெரிச்சல் லேசுப்பட்டது கிடையாது.

பிறகு 1906-ல் நாடு முழுவதற்கும் ஒரே நேரம் என்று முடிவாகி, கிரீன்விச்சுக்கு ஐந்தரை மணி முன்னால் என்று வைத்தார்கள். அதாவது மெட்ராஸ்காரன் இரவிலிருந்து 8 நிமிடம் 46 விநாடி காணாமல் போனது. எங்கே போனது, யார் எடுத்தது என்று இன்றுவரை ஒருவரும் கணக்குக் கேட்கவில்லை. இரண்டாம் உலகப் போரில் 1942 முதல் 1945 வரை இன்னொரு மணி நேரத்தை முன்னால் தள்ளினார்கள். போர் முடிந்ததும் அந்த ஒரு மணி நேரத்தை மட்டும் நேர்மையாகத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள்.

இந்த விளையாட்டில் நம்மைவிடக் கெட்டிக்காரர்கள் இலங்கையில் இருந்தார்கள். 1996-ல் மின்சாரப் பற்றாக்குறை வந்தபோது, கொழும்பு அரசு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் வைத்தது. சில மாதத்தில் அரை மணியாகக் குறைத்தது. விடுதலைப் புலிகள் தங்கள் பகுதியில் அதை ஏற்கவே இல்லை, பழைய நேரத்திலேயே இருந்தார்கள். ஆக, 2006-ல் கொழும்பு பழைய நேரத்துக்கே திரும்பும் வரை, வவுனியாவுக்கு வடக்கே போகிறவர் கைக்கடிகாரத்தில் அரை மணி நேரத்தைக் குறைத்துக்கொள்ள வேண்டியிருந்தது. ஒரே தீவு, இரண்டு விடியல். எல்லைக்கோடு கிழிக்கிறவர்களுக்கு மண் மட்டும் போதாது, இரவையும் வகுந்துதான் ஆக வேண்டும்.

நிஜமாகவே பொறி செய்து பார்த்தவர்கள் ரஷ்யர்கள். 1993 பிப்ரவரி 4-ம் தேதி, மீர் விண்வெளி நிலையத்திலிருந்து பிரிந்த சரக்குக் கலத்தில் 20 மீட்டர் அகலக் கண்ணாடித் தாளை விரித்து, சூரிய ஒளியைப் பூமியின் இருட்டுப் பக்கத்துக்குத் திருப்பினார்கள். சுமார் 5 கிலோமீட்டர் அகலத்துக்கு ஒரு வெளிச்ச வட்டம் ஐரோப்பாவைத் தடவிக்கொண்டு ஓடியது. கீழே பல இடத்தில் மேக மூட்டம். பார்த்தவர்கள் கொஞ்சம் பேர்தான். நோக்கம் என்ன தெரியுமா? குளிர்காலத்தில் பொழுதே விடியாத வடக்கு ஊர்களில் ஆட்கள் இன்னும் கொஞ்ச நேரம் வேலை செய்யலாமே என்பதுதான். 1999-ல் இன்னும் பெரிய கண்ணாடியை விரித்தார்கள். அது மாட்டுப்பொங்கல் பட்டம் போல ஆன்டெனாவில் சிக்கிக் கிழிந்தது. அத்தோடு கடையைக் கட்டினார்கள்.

பாவம், ரஷ்யர்களுக்கு விஷயம் தெரியவில்லை. இரவை நகர்த்தக் கண்ணாடியும் ராக்கெட்டும் எதற்கு? ஒரு பேப்பரும் ஒரு ரப்பர் ஸ்டாம்பும் போதும் என்று இந்தியா 1948-லேயே கண்டுபிடித்துவிட்டது.

அந்தப் பேப்பரின் பெயர் தொழிற்சாலைகள் சட்டம். நடைமுறைக்கு வந்த தேதி 1949 ஏப்ரல் 1. தேதியைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம், சட்டம் நல்ல சட்டம். அதற்கு முன்னால் நிலைமை படுமோசம். மில்களுக்கு மின்விளக்கு வந்ததும் முதலாளிகளுக்கு முதலில் தோன்றிய யோசனை, இனி எதற்கு ஆட்களை இருட்டுவதற்குள் வீட்டுக்கு அனுப்ப வேண்டும் என்பதுதான். பம்பாய்ப் பக்கம் வேலை நேரம் பதினாலு, பதினைந்து மணி வரைக்கும் நீண்டது. 1911-ல் பிரிட்டிஷ் சர்க்காருக்கே கொஞ்சம் கூச்சம் வந்து, நெசவாலைகளில் ஆண்களுக்கு ஒரு நாளைக்கு 12 மணி நேரத்துக்கு மேல் கூடாது என்றது. 1922-ல் 11 ஆனது, 1934-ல் 10 ஆனது, 1948-ல் 9. வாரத்துக்கு 48. மணிக்கு மணி சண்டை போட்டு இறக்கியது. இந்த 12 என்ற எண்ணை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

சட்டத்துக்கு உள்ளே போனால் ஒரு மகா வினோதமான வானியல் இருக்கிறது. பிரிவு 2-ல் நாள் என்றால் நள்ளிரவில் தொடங்கும் 24 மணி நேரம் என்று சாதுவாக ஆரம்பிக்கிறார்கள். சரி. பிரிவு 71-க்குப் போனால், குழந்தைகளை இரவில் வேலைக்கு வைக்கக் கூடாது, இரவு என்றால் குறைந்தது தொடர்ந்து 12 மணி நேரம் என்கிறது. ஜூன் மாதத்தில் ஸ்ரீபெரும்புதூரில் சூரியன் மறைந்து திரும்ப முளைக்கப் பதினோரு மணி நேரமும் கொஞ்சமும்தான் ஆகிறது. ஆக, குழந்தைகளுக்காக இயற்கை கொடுத்ததைவிடக் கிட்டத்தட்ட ஒரு மணி நேரம் அதிக இரவைச் சட்டம் தயாரித்துக் கொடுத்திருக்கிறது. இதைச் செய்தவருக்கு ஒரு கும்பிடு.

உச்சகட்டம் பிரிவு 57. நள்ளிரவைத் தாண்டி நீளும் ஷிப்டில் வேலை செய்கிறவருக்கு, நள்ளிரவுக்கு அப்புறம் பார்த்த வேலை முந்தின நாள் கணக்கில் சேரும். அவருடைய அடுத்த நாள், ஷிப்ட் முடிந்த பிறகுதான் ஆரம்பிக்கும். நிதானமாக இன்னொரு தடவை படியுங்கள். பக்கத்துக் கோயிலில் திருப்பள்ளியெழுச்சி முடிந்து பெருமாளே எழுந்து உட்கார்ந்திருப்பார். பால் வண்டி போயிருக்கும். வெளியே உலகத்துக்குச் சனிக்கிழமை. ஆனால் கேட்டுக்கு உள்ளே சி ஷிப்டில் நிற்கிறவருக்கு இன்னும் வெள்ளிக்கிழமை. நளாயினி செய்த அதே வேலை. என்ன, அவள் சூரியனை நிறுத்தினாள். இவர்கள் சூரியனைத் தொந்தரவு செய்யாமல் தேதியை மட்டும் நிறுத்திவிட்டார்கள்.

இது கம்பெனிக்காரனின் சூழ்ச்சி என்று அவசரப்பட்டு எழுந்து நிற்க வேண்டாம். எட்டு மணி நேர ஷிப்டை நள்ளிரவில் இரண்டாக வெட்டினால், வாராந்தர லீவும் ஓ.டி. கணக்கும் நாறிவிடும். ஞாயிற்றுக்கிழமை லீவு என்று சொல்லிவிட்டு ஞாயிறு காலை ஆறரை வரைக்கும் வேலை வாங்கலாம். அதைத் தடுக்கத்தான் அந்தப் பிரிவு லீவையும் ஷிப்ட் முடிந்ததிலிருந்து 24 மணி நேரம் என்று எண்ணச் சொல்கிறது. தொழிலாளிக்கு அனுகூலமான ஏற்பாடுதான். ஆனால் இவ்வளவு மந்திரம் தெரிந்த சட்டம், ராத்திரி கண் விழித்ததற்குத் தனியாக ஒரு பைசா கொடு என்று எங்கேயும் சொல்லவில்லை. நைட் அலவன்ஸ் என்பது கம்பெனி மனசு வைத்தோ, சங்கம் ஒப்பந்தம் போட்டோ வாங்குவது. தேதியை மாற்றுவது இலவசம்.

நைட் ஷிப்டின் முதல் வாரத்தில் ஒரு பெண் லைனில் நிற்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். வந்தவாசிப் பக்கத்துப் பெண். மணி பன்னிரண்டு அடிக்கிறது.

"அக்கா, பன்னெண்டு ஆயிடுச்சு. எனக்கு இன்னைக்குப் பொறந்த நாளு."

"இன்னைக்கா? சட்டப்படி இன்னும் நேத்துதான்டி. ஆறரைக்குப் பன்ச் அடிச்சிட்டு வா, வாழ்த்து சொல்றேன்."

"ஆறரைக்கு நான் பஸ்ல தூங்கிடுவேனேக்கா."

"அப்போ அடுத்த வருஷம் ஜெனரல் ஷிப்ட்ல பொறந்துக்க."

இந்தப் பெண் அந்த இடத்தில் நிற்பதற்கே 2000-ம் வருஷம் வரை வழியில்லாமல் இருந்தது. அதே சட்டத்தின் 66-ம் பிரிவு, காலை 6 மணிக்கு முன்னும் இரவு 7 மணிக்குப் பின்னும் பெண்ணைத் தொழிற்சாலையில் வேலைக்கு வைக்கக் கூடாது என்றது. பெண்ணின் பாதுகாப்பு பற்றிச் சட்டத்துக்கு அவ்வளவு கவலை. மருத்துவமனையில் நர்ஸாக விடிய விடிய நிற்கலாம், வயலில் ஏழு மணிக்கு மேல் கட்டுச் சுமக்கலாம், வீட்டில் பதினோரு மணிக்கு மாவாட்டலாம். அதற்கெல்லாம் பிரிவு கிடையாது. சம்பளம் கூடுதலாக வரும் இடத்தில் மட்டும் இரவு ஆபத்தானது. மில் தொழிலாளிப் பெண்களும் சில மில்களும் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். 2000 டிசம்பரில் அந்தத் தடை அரசியல் சாசனத்துக்கு முரண் என்று தீர்ப்பானது. கூடவே நீதிமன்றம் நிபந்தனைகளை அடுக்கியது: தனியாக ஒரு பெண்ணை இரவில் நிறுத்தக் கூடாது, கூட்டமாகத்தான் வைக்க வேண்டும், போக வர வண்டி வேண்டும், பகல் ஷிப்டிலிருந்து இரவு ஷிப்டுக்கு மாற்றும்போது நடுவில் 12 மணி நேர ஓய்வு வேண்டும்.

தடை உடைந்ததும் ஸ்ரீபெரும்புதூர் தயாராக இருந்தது. 1996-ல் இருங்காட்டுக்கோட்டையில் காலை ஊன்றிய ஹூண்டாய், 1998-ல் சான்ட்ரோவை ரோட்டில் விட்டிருந்தது. கூடவே கண்ணாடிக்கார செயின்ட் கோபைன் 2000-ல் உலையை மூட்டியது. கண்ணாடி உலைக்கு இரவு, பகல், பொங்கல், தீபாவளி எதுவும் கிடையாது. சுமார் 1,500 டிகிரியில் மணலைக் குழம்பாக்கும் அந்த உலையை ஒரு தடவை பற்ற வைத்தால் பத்துப் பதினைந்து வருஷத்துக்கு அணைக்க மாட்டார்கள். அணைத்தால் உள்ளே இருப்பது உறைந்து உலையே பாழ். தூங்காத ஒன்றை நடுவில் வைத்துவிட்டால், சுற்றி நிற்கிறவர்களுக்கும் முறை வைத்துத்தான் தூக்கம்.

2006-ல் நோக்கியா வந்தது. லைன் நிறையப் பெண்கள், அதுவும் மூன்று ஷிப்டிலும். 2007-ல் சாம்சங். 2010-ல் ஒரகடத்தில் ரெனோ-நிசான், 2012-ல் டைம்லர் லாரி, 2013-ல் புல்லட். ஏரிக்கரையும் வேர்க்கடலைக் கொல்லையும் இருந்த இடத்தில் சோடியம் விளக்கு வரிசை. பூகோளத்திலும் இந்த ஊருக்கு ஒரு விசேஷம் அமைந்தது. ஹூண்டாய், சாம்சங்கின் தாய்நாடான கொரியாவின் நேரம் நமக்கு மூன்றரை மணி நேரம் முன்னால். குளிர்காலத்தில் நோக்கியாவின் பின்லாந்து நமக்குச் சரியாக மூன்றரை மணி நேரம் பின்னால். சியோலில் ஒருவர் ஒன்பது மணிக்கு ஆபீசில் உட்கார்ந்து மெயில் தட்டும்போது இங்கே ஐந்தரை, கோழி கூவிக்கொண்டிருக்கும். பின்லாந்தில் ஒருவர் ஐந்து மணிக்குக் கோட்டை மாட்டிக் கிளம்பும்போது இங்கே எட்டரை, சாப்பாட்டு நேரம். அந்தக் காலத்தில் ஸ்ரீபெரும்புதூரின் இரவு என்பது, இந்த இரண்டு பேரும் வீட்டில் இருந்த இடைவெளிதான்.

2014 நவம்பர் 1-ம் தேதி நோக்கியா உற்பத்தியை நிறுத்தியது. பல வருஷமாக நைட்டை மாற்றிக் கொடுங்கள் என்று கெஞ்சியவர்களுக்கு எல்லா இரவும் மொத்தமாகத் திரும்பி வந்துசேர்ந்தது. தூக்கம்தான் வரவில்லை.

தூக்கம் என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். பிரிவு 57-ஐ ஏற்காத ஒரே எதிர்க்கட்சி உடம்பு. 2017-ல் ஹால், ரோஸ்பாஷ், யங் என்ற மூன்று பேருக்கு நோபல் கொடுத்தார்களே, பழ ஈயின் உடம்புக்குள்ளேயே ஒரு கடிகாரம் ஓடுகிறது, அதை ஓட்டும் மரபணு இன்னது என்று பிரித்துக் காட்டியதற்கு. ஈக்கு இருப்பது நமக்கும் இருக்கிறது. அந்தக் கடிகாரத்துக்கு முள்ளைத் திருப்பி வைப்பது வெளிச்சம், அரசிதழ் இல்லை. உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2007-லும் மறுபடி 2019-லும், இரவு ஷிப்ட் வேலையைப் புற்றுநோய்க்குக் காரணமாக இருக்க வாய்ப்புள்ளவற்றின் பட்டியலில் வைத்திருக்கிறது. காலை ஏழரைக்குத் தகரக் கூரை அறையில், ஜன்னலுக்குப் போர்வையைக் கட்டி, ஃபேனை அஞ்சில் வைத்துப் படுக்கிறவனுக்கு இந்தப் பட்டியல் தேவையில்லை. கீழே வீட்டுக்காரம்மா துணி துவைக்கிற சத்தமே போதும்.

பொறியின் கைப்பிடியை வேலை செய்கிறவர்கள் எட்டிப் பிடித்த ஓர் இரவும் இந்த ஊர் வழியாகப் போகும் நெடுஞ்சாலைக்கு உண்டு. 2021 டிசம்பரில், ஆப்பிளுக்குப் போன் செய்து கொடுக்கும் ஃபாக்ஸ்கான் ஆலையின் பெண்கள் தங்கியிருந்த பூந்தமல்லி விடுதியில் சாப்பாடு விஷமாகி நூற்றைம்பதுக்கும் மேற்பட்டோர் மருத்துவமனைக்குப் போனார்கள். என்ன ஆனார்கள் என்று யாரும் சரியாகச் சொல்லவில்லை. டிசம்பர் 17 ராத்திரி பெண்கள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் வந்து உட்கார்ந்தார்கள். மார்கழிப் பனி. விடிய விடிய எழவில்லை. கலெக்டர் வந்தார், அமைச்சர் பேசினார், ஆலை மூடப்பட்டது, கலிபோர்னியாவில் ஆப்பிள் எழுந்து உட்கார்ந்து ஃபாக்ஸ்கானைக் கண்காணிப்பில் வைத்தது. லைன் ஸ்டாப் ஆனால்தான் தேவர்கள் இறங்கி வருவார்கள் என்பது புராணத்திலேயே இருக்கிறதே.

பிறகு 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் 18,720 பெண்கள் தங்கும் குடியிருப்பை முதல்வர் ஸ்டாலின் திறந்து வைத்தார். செலவு 706 கோடியே 50 லட்சம் ரூபாய். நல்ல காரியம், பூந்தமல்லி விடுதிகளோடு ஒப்பிட்டால் மிக நல்ல காரியம். ஒரு சந்தேகம் மட்டும். ஷிப்ட் முறையில் வேலைக்குப் போகும் 18,720 பேர் ஒரே வளாகத்தில் இருந்தால், எந்த நேரத்திலும் சில ஆயிரம் பேருக்கு அங்கே நடு இரவு. உச்சிவெயிலிலும் அந்தக் கட்டடத்தை விட்டு இரவு கிளம்பாது. நளாயினிக்குப் பிறகு இவ்வளவு நீளமான இரவை யாரும் கட்டி முடிக்கவில்லை.

ஞாபகம் வைக்கச் சொன்ன அந்த 12? 2023 ஏப்ரல் 21-ம் தேதி சட்டமன்றத்தில் ஒரு திருத்த மசோதா நிறைவேறியது. அரசு விலக்களிக்கும் ஆலைகளில் ஒரு நாளைக்கு 12 மணி நேரம் வேலை வாங்கலாம். வாரம் 48 மணி மாறாது, நாலு நாள் வேலை, மூன்று நாள் லீவு, விருப்பப்பட்டவர்களுக்கு மட்டும் என்றார்கள். விருப்பமில்லை என்று சூப்பர்வைசரிடம் சொல்லிப் பார்த்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். ஜார்ஜ் மன்னர் காலத்து 1911-ல் வைத்த வரம்புக்கு 112 வருஷம் கழித்துத் திரும்பிப் போவதுதான் முன்னேற்றம் என்று புரிய வைக்க அரசால் முடியவில்லை. கூட்டணிக் கட்சிகளே வெளிநடப்பு செய்தன. மூன்றாம் நாள் மசோதா நிறுத்தி வைக்கப்பட்டது. மே 1 அன்று, தொழிலாளர் தினச் செய்தியாகவே, திரும்பப் பெற்றாயிற்று என்று அறிவிப்பு வந்தது. பத்து நாளில் உதித்து மறைந்த சூரியன்.

தொழிற்சாலைகள் சட்டமும் இப்போது பழசாகிவிட்டது. 2020-ல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் 2025 நவம்பர் 21-ம் தேதி நடைமுறைக்கு வந்தன. பெண்களின் இரவு வேலைக்கு இனி அவர்களுடைய சம்மதம் வேண்டும். நள்ளிரவுக்கு அப்புறம் செய்த வேலை முந்தின நாள் கணக்கில் சேரும் என்ற வாசகம் அப்படியேதான் இருக்கிறது. பிரிவு எண் மட்டும் 57 போய் 28.